வக்கீலின் ஆட்சேபம்

போன வாரம் சாப்பாட்டு மேசையில் சொல்லப்பட்ட தீர்ப்பு, இந்த வாரம் எழுத்து வடிவம் பெற்று, குளிர்சாதனப் பெட்டியின் கதவில் காந்தத்தின் கீழ் தொங்கிக்கொண்டிருந்தது.

ஒற்றைத் தாள்தான். நாயின் பெயர்: வக்கீல். வயது: ஒன்பது. காரணம்: கடித்தது. கீழே மாஸ்டரின் கையெழுத்து, கடைசி எழுத்தின் வாலை இரண்டு அங்குலத்துக்கு இழுத்து, அடியில் இரண்டு புள்ளிகளோடு. பரிசுக் கோப்பையைப் பெற்றுக்கொண்டாலும் சொந்த நாய்க்கு மரண ஊசி போடச் சம்மதித்தாலும் அவருக்கு ஒரே கையெழுத்துதான். பக்கத்தில் இன்னொரு கோடு காலியாக இருந்தது. அது டாக்டருக்கு. நேரம், மாலை நான்கு மணி.

டாக்டர் என்பது மாஸ்டரின் தங்கை. மாடியில் வீடு, கீழே அவளுடைய மருத்துவமனை, பின்பக்க மைதானத்தில் மாஸ்டரின் நாய்ப் பயிற்சிப் பள்ளி. ஒரே கூரைக்குக் கீழே இருவரும் விலங்குகளைப் பார்த்தார்கள். ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வது மட்டும் குறைவு.

கடிபட்டது அம்மா. வலது கையில் நான்கு தையல். ஆனால் வழக்கில் எதிரிக்காக வாதாடியதும் அவர்தான்.

"அவன் கடிக்கலை. என் கை அவன் வாய்ல பட்டுடுச்சு."

"நாலு தையல் அளவுக்கா பட்டுச்சு?" என்றாள் டாக்டர்.

"கொஞ்சம் ஆழமா பட்டுச்சு."

மாஸ்டரின் நான்கு வயது மகளை அன்றைக்கே அவளுடைய தாய்மாமன் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அதைத்தான் மாஸ்டர் திரும்பத் திரும்பச் சொன்னார். குழந்தை இருக்கிற வீடு. எச்சரிக்கையே இல்லாமல் கடிக்கிற நாய். இன்றைக்குப் பெரியவர்களின் கை, நாளைக்குச் சின்னவளின் முகம். அவர் சொன்னதில் ஆடம்பரம் இல்லாத வாக்கியம் அது ஒன்றுதான். அதனாலேயே தீர்ப்பு நின்றது.

வக்கீலுக்கு அந்தப் பெயர் வைத்தது, டாக்டருக்கு முன்னால் அதே மருத்துவமனையை நடத்திய அப்பா. ஒன்பது வருடத்துக்கு முன்னால் ஒரு மழைநாளில், வெள்ளைக் கோட்டின் பையில் போட்டு மேலே கொண்டுவந்தார். பை நனைந்திருந்தது, மழையால் அல்ல. மேசைக்கடியில் விட்டதும் அது முதலில் துடைப்பத்தைப் பார்த்து உறுமியது. பிறகு தட்டை. பிறகு அப்பாவின் செருப்பை. பிறகு, எதுவும் மிச்சமில்லாததால், தன் வாலை.

"இது நாயில்லை, வக்கீல்," என்றார் அப்பா.

அன்றிலிருந்து அவர்களுக்குள் ஒரு ஒப்பந்தம். வக்கீல் உறுமினால் அப்பா கையைப் பின்னால் இழுத்துக்கொள்வார். "ஆட்சேபம் ஏற்கப்பட்டது" என்பார். பிறகு வேறு பக்கமாக வருவார், அல்லது டீயைக் குடித்துவிட்டு வருவார். காது சுத்தம் செய்ய ஒரு ஞாயிற்றுக்கிழமையில் நான்கு வாய்தா வாங்கிய நாய் அது. ஆனால் அப்பா இருந்த ஆறு வருடத்தில் அதன் பல் ஒரு மனிதத் தோலில்கூடப் பட்டதில்லை.

அப்பா போன பிறகுதான் மாஸ்டர் மாஸ்டரானார். அதுவரை காப்பீட்டு அலுவலகத்தில் இருந்தவர், ஓரிரு மாதத்திலேயே பெயருக்குப் பின்னால் பெயரைவிட நீளமான பட்டங்களைச் சேர்த்துக்கொண்டார். அதில் ஒன்று இரண்டு நாள் முகாமில் வாங்கியது. இரண்டாவது நாள் விடுமுறை.

வீட்டில் யார் தலைவன் என்பது நாய்க்குத் தெரிய வேண்டும் என்பது அவர் கொள்கை. தலைவன்தான் முதலில் சாப்பிட வேண்டும். தலைவன்தான் முதலில் வாசலைத் தாண்ட வேண்டும். கடையிலிருந்து இரண்டு கையிலும் பைகளோடு வந்த அவர் மனைவி, தலைவர் முதலில் உள்ளே போகட்டும் என்று படியில் நின்று வழிவிடுவாள். முகத்தில் சிரிப்பே இருக்காது. பைகள்தான் குலுங்கும்.

பள்ளியின் உச்சம் மௌனப் பட்டயம். எது நடந்தாலும் உறுமாத நாய். உறுமினால் ஒரு விரல் உயரும், "உஷ்" என்று ஒரு சத்தம், கழுத்துப் பட்டையில் வெடுக்கென்று ஓர் இழுப்பு. ஆறே வாரம். முடிவில் நாய்க்குக் கறுப்புத் தொப்பி வைத்துப் புகைப்படம் எடுத்து, கல்லைவிடக் கெட்டி என்று விளம்பரம் செய்யப்பட்ட ஒரு செயற்கை எலும்பைப் பரிசாகக் கொடுப்பார்கள். இதுவரை நாற்பத்தொரு பட்டதாரிகள். முதல் பட்டதாரி, வக்கீல். புகைப்படத்தில் தொப்பி ஒரு கண்ணை மறைத்திருக்கும். தெரிகிற கண், தொழிலை விட்டுவிட்ட கண்.

ஊரே பாராட்டியது. டாக்டரும் பாராட்டினாள். இந்த அத்தியாயத்தில் அவளுக்கும் ஒரு பங்கு இருக்கிறது.

காலை பத்து மணிக்கு அம்மா ஒரு தகரப் பெட்டியோடு கீழே இறங்கிவந்தார். இடது கையால் மட்டும் தூக்கியதால் படிக்குப் படி பெட்டி இடித்து அறிவித்தது. அப்பாவின் நோயாளி அட்டைகள் அதில் இருந்தன.

வக்கீலின் அட்டை வேண்டும் என்றார் அம்மா. ஓரத்தில் குட்டியாக இருந்தபோது எடுத்த படம் ஒட்டியிருக்கும். நான்கு மணிக்குப் பிறகு தேட மனசு வராது, இப்போதே எடுத்துக்கொள்கிறேன் என்றார். சாதாரணக் குரலில்தான் சொன்னார். டாக்டருக்கு அந்தச் சாதாரணம்தான் தாங்கவில்லை.

பெட்டியைத் திறந்ததும் பழைய அறை எழுந்து வந்தது. ஸ்பிரிட் வாசனை, ஈர வைக்கோல் வாசனை, ஒரு கால் குட்டையான முக்காலி, அதன் கீழே மடித்து வைத்த சிகரெட் அட்டை. காத்திருப்பு அறைக்கும் உள்ளறைக்கும் நடுவே, மருந்து எடுத்துக் கொடுக்க, ஒரு புத்தக அளவில் சன்னல். அப்பா அதற்குப் பின்னால் உட்கார்ந்து, வந்த விலங்கைக் கூப்பிடாமல் பார்த்துக்கொண்டே இருப்பார். பத்து நிமிடம். சில நாள் அரை மணி. பூனையோடு வருகிற ஒரு தையல்காரர் ஒவ்வொரு முறையும் அம்மாவிடம் கேட்பார், "டாக்டர் எழுந்துட்டாரா?"

அப்பாவின் அட்டையில் முதல் வரி எடை கிடையாது, வெப்பம் கிடையாது. 'வந்த விதம்'. அதற்குப் பிறகுதான் மற்றதெல்லாம்.

டாக்டர் வக்கீலின் அட்டையைப் படித்தாள்.

முதல் வருடம்: 'வந்த விதம்: கோட்டுப் பையில். கோட்டுக்கு ஆட்சேபம்.' மூன்றாம் வருடம்: 'தானாக நடந்து. மேசைக்கு ஆட்சேபம். இடது காதைத் தொட ஆட்சேபம்; உள்ளே புண். ஊசிக்கு ஆட்சேபமில்லை.' ஆறாம் வருடம், கையெழுத்து நடுங்கத் தொடங்கியிருந்தது: 'என்னைவிட வேகமாக. நான் மெதுவாக எழுந்ததற்கு ஆட்சேபம்.'

அதற்குப் பிறகு அட்டை இல்லை. டாக்டரின் கணினி வந்துவிட்டது. அதில் 'நடத்தை' என்ற இடத்தில் தேர்ந்தெடுக்க இரண்டே சொற்கள்: அமைதி, முரடு. கடைசி மூன்று வருடமும் அவள் அமைதியைத்தான் தேர்ந்தெடுத்திருந்தாள். நல்ல நோயாளி என்று தட்டிக்கொடுத்து வேறு அனுப்பியிருக்கிறாள்.

அவள் அட்டையை மறுபடி பார்த்தாள். இடது காதைத் தொட ஆட்சேபம்; உள்ளே புண்.

"அம்மா, அன்னிக்கு நீ அவனை எங்கே தொட்டே?"

"எங்கேயும் இல்லை. சாப்பிட்டதும் வாயைத் துடைச்சுவிட்டேன்."

"எந்தப் பக்கம்?"

அம்மா கட்டுப்போட்ட கையைக் காற்றில் தூக்கி, இல்லாத ஒரு நாயின் முகத்தைத் துடைத்துப் பார்த்தார். "வலது."

சனிக்கிழமையே டாக்டர் அவனைச் சோதித்திருந்தாள். ரத்தம், இதயம், வயிறு, மூட்டு, எல்லாம் சரி. கடித்த நாய் என்பதால் வாய்ப்பூட்டு மாட்டித்தான் சோதித்தாள். வாய்ப்பூட்டு மாட்டியதால் வாயைப் பார்க்கவில்லை. அமுக்கிய இடத்திலெல்லாம் வக்கீல் கல்லாக நின்றான். வலி இல்லை என்று எழுதிக்கொண்டாள்.

அவள் அன்றைய நோயாளிகளை மறுநாளுக்குத் தள்ளினாள். காத்திருப்பு அறையில் வக்கீலை நீளக் கயிற்றில் விட்டு, வாய்ப்பூட்டைக் கழற்றி, தண்ணீரும் ஒரு பிஸ்கட்டும் வைத்துவிட்டு, கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே வந்தாள். மருந்துச் சன்னலை மறைத்திருந்த விளம்பரப் பலகையை நகர்த்தினாள். அப்பாவின் முக்காலி எங்கே என்று கேட்டாள். பழைய சாமான் அறையில் என்றார் அம்மா. சிகரெட் அட்டை உள்பட வந்து சேர்ந்தது.

இருவரும் ஒரு புத்தக அளவுச் சன்னலில் கன்னத்தோடு கன்னம் ஒட்டிப் பார்த்தார்கள்.

பத்து நிமிடம் ஒன்றுமில்லை. அம்மா மெதுவாகச் சொன்னார், "உங்கப்பா இப்படித்தான். நானும் தூங்குறார்னுதான் நெனைச்சேன்."

பிறகு வக்கீல் பிஸ்கட்டை எடுத்தான். இடது பக்கம் தள்ளினான். கீழே விழுந்தது. மறுபடி எடுத்தான், மறுபடி விழுந்தது. மூன்றாவது முறை முகர்ந்துவிட்டுப் போய்விட்டான். தண்ணீரைத் தலையைச் சாய்த்துக் குடித்தான். பெஞ்சின் காலில் வலது கன்னத்தை ஒருமுறை லேசாகத் தேய்த்துவிட்டு, யாராவது பார்த்தார்களா என்பதுபோலத் திரும்பினான்.

டாக்டர் வாய்ப்பூட்டோடு உள்ளே போனாள். மாட்டிவிட்டுத் தரையில் உட்கார்ந்தாள். இடது பக்கத்திலிருந்து கையை நீட்டினாள். கம்பிக்கு நடுவில் நாக்கு தொங்கியது, வால் ஆடியது. வலது பக்கத்திலிருந்து நீட்டினாள்.

திறந்திருந்த வாய் மூடியது. அவ்வளவுதான். மூச்சு நின்றது, கண்ணின் ஓரத்தில் பிறைபோல வெள்ளை தெரிந்தது. கையை எடுத்தாள். மூன்று விநாடி கழித்து வாய் மறுபடி திறந்தது.

இன்னும் இரண்டு முறை செய்து பார்த்தாள். இரண்டு முறையும் அதேதான். உறுமலைப் பிடுங்கிவிட்டார்கள். அதற்கு முன்னால் வருகிற சின்னச் சின்னச் சொற்களைப் பிடுங்க யாருக்கும் தெரிந்திருக்கவில்லை. அவை மூன்று வருடமாகப் பேசிக்கொண்டே இருந்தன, கேட்க ஆளில்லாமல்.

மூன்றே முக்காலுக்கு மாஸ்டர் வந்தார். பள்ளியின் சீருடை, பளபளக்கிற காலணி, கறுப்புக் கண்ணாடி. கண்ணாடியை அவர் கழற்றாததற்குக் காரணம் பந்தா என்றுதான் டாக்டர் முதலில் நினைத்தாள்.

அவள் பார்த்ததையெல்லாம் சொன்னாள். வலது மேல் கடைவாய்ப் பல்லாக இருக்கும், மயக்கம் கொடுத்து வாயைத் திறந்தால் தெரிந்துவிடும், சனிக்கிழமை ரத்தம் சரியாக இருக்கிறது, காலையிலிருந்து ஒன்றும் சாப்பிடவில்லை, இப்போதே செய்யலாம் என்றாள். சனிக்கிழமை வாயைப் பார்க்காமல் விட்டது தன் தப்பு என்பதையும் சேர்த்தே சொன்னாள்.

மாஸ்டர் பள்ளிக் குரலில் ஆரம்பித்தார். பல்வலி யாருக்குத்தான் இல்லை, பல்வலி வந்தவர்களெல்லாம் கடிக்கிறார்களா என்றார். கட்டுப்பாடு என்பது வலியிலும் நிற்க வேண்டும் என்றார். பிறகு அந்தக் குரல் எங்கேயோ வழியில் நின்றுவிட்டது.

"வலிச்சா உறுமியிருக்கலாமே. ஒரு தடவை உறுமியிருந்தா அம்மா கையை எடுத்திருப்பாங்களே. ஏன் உறுமலை?"

அம்மாதான் சொன்னார், மிக மெதுவாக, மகனின் சட்டைக் காலரைச் சரிசெய்துகொண்டே.

"நீதானேப்பா வேண்டாம்னு சொன்னே."

மாஸ்டர் கண்ணாடியைக் கழற்றினார். உள்ளே இருந்த கண்கள் அன்று காலையிலிருந்தே சிவந்திருந்தன.

குளிர்சாதனப் பெட்டியிலிருந்து கழற்றிவந்த தாளை அவர் சட்டைப் பையிலிருந்து எடுத்து, கிழிக்கவும் இல்லை, கொடுக்கவும் இல்லை. மறுபடி மடித்து உள்ளேயே வைத்துக்கொண்டார். "வாயைத் திறந்து பார்," என்றார்.

பல் நீளவாக்கில் பிளந்திருந்தது. ஈறுக்குள் சீழ், எக்ஸ்ரேயில் வேரைச் சுற்றிக் கறுப்பு. கண்ணுக்குக் கீழே, ரோமத்துக்குள், பட்டாணி அளவுக்கு ஒரு வீக்கம். எத்தனை மாதமோ. எதைக் கடித்து இப்படி உடைந்தது என்று மாஸ்டர் கேட்டார். டாக்டர் மூலையைப் பார்த்தாள். வக்கீலின் படுக்கையில், மௌனத்துக்காக வழங்கப்பட்ட, கல்லைவிடக் கெட்டியான பரிசு கிடந்தது.

விளம்பரம் உண்மையைத்தான் சொல்லியிருந்தது.

பல்லை எடுத்து முடிக்க ஐந்தே முக்கால் ஆனது. வக்கீலை அப்பாவின் பழைய கோட்டை விரித்துப் படுக்க வைத்தார்கள். அம்மாவின் யோசனை அது. கோட்டுக்கு அவன் ஒரு காலத்தில் ஆட்சேபம் தெரிவித்திருக்கிறான் என்று டாக்டர் ஞாபகப்படுத்தினாள். இப்போது வழக்கு காலாவதியாகிவிட்டது என்றார் அம்மா.

மாஸ்டர் சீருடையோடு தரையில் உட்கார்ந்தார். சின்ன வயதில் அந்த முக்காலியின் குட்டைக் காலுக்கு அட்டை மடித்துக் கொடுப்பது தன் வேலை என்றார். அப்பா ஒரு நாள்கூட அதைத் தச்சரிடம் கொடுக்கவில்லையாம். கொடுத்துவிட்டால் உனக்கு இங்கே வர ஒரு காரணம் வேண்டாமா என்று கேட்டாராம். டாக்டருக்கு இது தெரியாது. ஒரே வீட்டில், ஒரே அப்பா. ஆனாலும் அண்ணனிடம் இருந்த அப்பா வேறு.

வக்கீலின் காது அசைந்தது. கண் பாதி திறந்தது. மாஸ்டர் தன்னையறியாமல் வலது கன்னத்தருகே கையைக் கொண்டுபோனார்.

சத்தம் மிக அடியிலிருந்து வந்தது. பல வருடம் திறக்காத அலமாரியின் கதவு போல, கரகரவென்று, பாதியில் இருமலோடு. மயக்கம் தெளிகிற நேரத்தில் பயிற்சியெல்லாம் கடைசியாகத்தான் விழித்துக்கொள்ளும். அதற்கு முன்னாலேயே பழைய வக்கீல் எழுந்துவிட்டான்.

மாஸ்டரின் விரல் பழக்கத்தால் உயர்ந்தது. உதடு "உஷ்" என்று குவிந்தது.

அறையில் மூன்று பேரும் அந்த விரலைப் பார்த்தார்கள். விரலுக்குச் சொந்தக்காரர் உள்பட.

அவர் கையை மெல்லப் பின்னால் இழுத்துக்கொண்டார்.

"ஆட்சேபம்..." தொண்டையைச் செருமினார். அப்பாவின் குரல் வரவில்லை. சொந்தக் குரலே போதும் என்று விட்டுவிட்டார். "ஏற்கப்பட்டது."

அம்மா சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். சன்னலில் பார்க்க ஒன்றுமில்லை.

டாக்டர்தான் சந்தோஷத்தைக் கட்டிப்போட்டாள். ஒரு உறுமலில் எல்லாம் சரியாகிவிடாது, உறுமினால் கை பின்வாங்கும் என்று அவன் மறுபடி நம்ப மாதங்களாகும், அதுவரை சின்னவளை அவனோடு தனியாக விடவே கூடாது என்றாள். பிறகு காந்தத்தில் தொங்கிய தாளைப் பற்றிக் கேட்டாள். மாஸ்டர் பையிலிருந்து எடுத்து, அதன் பின்பக்கத்தைத் திருப்பினார்.

"நாப்பத்தொண்ணு," என்றார்.

முதலில் டாக்டருக்குப் புரியவில்லை. பிறகு அவர் பார்வை போன திசையில் பார்த்தாள். திறந்த பின்வாசல் வழியே பயிற்சிப் பள்ளியின் சுவர் தெரிந்தது. வரிசை வரிசையாகக் கறுப்புத் தொப்பிகள். வக்கீலைக் கழித்தால் நாற்பது வீடுகள். நாற்பது உறுமாத நாய்கள்.

அவர் தாளின் பின்பக்கத்தில் பெயர்களை எழுதத் தொடங்கினார். குழந்தைகள் இருக்கிற வீடுகள் முதலில். இந்த முறை எழுத்துகளுக்கு வால் இல்லை. மூன்று பெயர் எழுதியதும் பொறுக்காமல் முதல் எண்ணுக்குப் போன் செய்து ஸ்பீக்கரில் போட்டார்.

ஒரு சிறுமி எடுத்தாள். அம்மா குளிக்கிறார்கள் என்றாள். நீ என்னம்மா செய்கிறாய் என்று மாஸ்டர் கேட்டார்.

"நானும் நாயும் டாக்டர் விளையாட்டு விளையாடுறோம். அதுக்குக் காது வலிக்குதாம். நான் கட்டுப்போடுறேன்."

நாற்பத்தொரு நாய்களுக்குக் கட்டளையிட்ட மாஸ்டருக்கு ஒரு கட்டளையும் வாயில் வரவில்லை. டாக்டர் எழுந்து நின்றுவிட்டாள். அவர் குரலைத் தரையில் வைப்பதுபோல வைத்துக் கேட்டார்.

"கண்ணு, கையை எடுத்துட்டு, மெதுவா எழுந்து நின்னு, மாமாவுக்கு ஒண்ணு மட்டும் பார்த்துச் சொல்லு. நாய் வாய் திறந்திருக்கா, மூடியிருக்கா?"

அந்தப் பக்கம் துணி உரசுகிற ஒலி மட்டும்.

"மூடியிருக்கு மாமா," என்றாள் சிறுமி. "இப்பத்தான் மூடுச்சு."